கடித்து வைத்த ரொட்டி

முப்பது வருஷத்துக்கு மேல் ஒரே மனிதர் ஆண்ட நாடு ஒன்று உண்டு. சோவியத் உடைந்து சிதறியபோது புல்வெளிக்கும் பாலைவனத்துக்கும் நடுவில் விழுந்த துண்டு அது. விழுந்ததைக் குனிந்து எடுத்தவர் அவர், எடுத்ததைப் பிறகு கீழே வைக்கவேயில்லை. அவருக்குப் பேர் உண்டு, பட்டங்கள் உண்டு, விமான நிலையத்துக்கும் ஒரு நதிக்கும் ஒரு வகைத் தர்பூசணிக்கும்கூட அவர் பேரைத்தான் வைத்திருந்தார்கள், ஆனால் வீட்டுக்குள் பேசும்போது ஜனங்கள் அவரைப் பெரியவர் என்று மட்டும் சொல்வார்கள், அதையும் சமையலறைக் குழாயைத் திறந்துவிட்டுத் தண்ணீர்ச் சத்தத்துக்குள் வைத்துத்தான் சொல்வார்கள்.

அந்தப் பெரியவர் ஒரு மார்ச் மாதக் காலையில் தொலைக்காட்சியில் தோன்றி, வயதாகிவிட்டது, பதவியிலிருந்து விலகுகிறேன், இனி வர மாட்டேன் என்று சொன்னார். பக்கத்தில் அவர் கைகாட்டிய புதியவர் நின்றார். கோட்டு புதிது, முகம் பழையது, பல வருஷமாகப் பெரியவரின் குடையைப் பிடித்துக்கொண்டு படங்களில் ஓரமாக நின்ற முகம். வழியனுப்பும் மரியாதைக்கு ஒரு பெண் தாம்பாளத்தில் ரொட்டி ஏந்தி வந்தாள். பெரியவர் அந்த வட்ட ரொட்டியை எடுத்தார், ஓரத்தில் ஒரு கடி கடித்தார், மீதியைத் தாம்பாளத்திலேயே வைத்துவிட்டுக் கையசைத்தபடி நடந்துபோனார்.

நாடு முழுக்க அந்த நிமிஷம் தேநீர் தொண்டையில் நின்றது.

ஏனென்றால் அந்தப் பக்கத்தில் ஒரு வழக்கம். வீட்டிலிருந்து யாராவது தூரமாகப் போனால், பட்டாளத்துக்கோ வடக்கே கட்டட வேலைக்கோ எங்கே என்றாலும், வாசலில் நிற்கவைத்து ஒரு ரொட்டியைக் கடிக்கச் சொல்வார்கள். ஒரே ஒரு கடி. மீதியைச் சுவரில் ஆணியடித்து மாட்டிவிடுவார்கள். போனவர் திரும்பி வந்து அதைத் தின்று முடிக்க வேண்டும், அதுவரை வேறு யாரும் அதில் வாய் வைக்கக் கூடாது, எத்தனை வருஷமானாலும் அந்த ரொட்டி ஆளை இழுத்துக்கொண்டு வந்து சேர்த்துவிடும் என்று நம்பிக்கை. வர மாட்டேன் என்று சொல்கிற மனிதர் ரொட்டியைக் கடிக்க மாட்டார்; கடித்தவர் வருவார்.

மக்சூதா அதைத் தன் ரொட்டிக் கடையில், மாவு மூட்டைகளுக்கு மேலே வைத்திருந்த சின்னத் தொலைக்காட்சியில் பார்த்தாள். ஆலை எப்போதோ மூடிவிட்டாலும் துணி ஆலைக் குடியிருப்பு என்றே இன்னும் பேர் இருக்கிற, தலைநகரத்தின் ஓரத்துப் பகுதியில் அவளுடைய கடை. களிமண் தந்தூர் அடுப்பு ஒன்று, மர மேஜை ஒன்று, வேலை கிடைக்காத என்ஜினியர் மகன் ஒருவன். மகன் பேர் ஷெர்மத். முழங்கை வரை மாவோடு நின்றவனிடம் அவள், "கடிச்சிட்டாருடா" என்றாள்.

"அதுக்கென்னம்மா, நீ அப்பா ரொட்டியப் போட்ட மாதிரி கோழிக்குப் போட்டுட வேண்டியதுதான்" என்றான் ஷெர்மத்.

அது அவர்கள் வீட்டு வேடிக்கை. மக்சூதாவின் கணவன் வடக்கே கொத்து வேலைக்குப் போகும்போது அவனும் ஒரு ரொட்டியைக் கடித்துவிட்டுத்தான் போனான், அதுவும் பல வருஷம் ஆணியில் தொங்கியது, பிறகு அங்கே அவனுக்கு இன்னொரு பெண்டாட்டியும் இரட்டைக் குழந்தைகளும் இருக்கிறார்கள் என்று சேதி வந்த அன்று மக்சூதா ரொட்டியை இறக்கி, வாளித் தண்ணீரில் ஊறப்போட்டு, பிசைந்து கோழிகளுக்குப் போட்டுவிட்டாள். இறந்தவர்களின் ரொட்டியைத்தான் அப்படிப் பறவைக்குப் போடுவார்கள். குடியிருப்பே வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தது. அதற்குப் பிறகு அவன் நிஜமாகவே வரவில்லை, வர வேண்டும் என்று அவனுக்குத் தோன்றவும் இல்லை.

பெரியவர் போன மறுநாள் விடியற்காலையில் மக்சூதா முதல் ஈட்டை அடுப்பிலிருந்து எடுத்தபோது ஒவ்வொரு ரொட்டியிலும் ஓரத்தில் ஒரு கடி குறைந்திருந்தது.

"ஷெர்மத்! விக்கிற ரொட்டியில வாய வைக்காதேன்னு எத்தன தடவ சொல்றது?"

"சுடச்சுட எவன்மா கடிப்பான்?" என்றான் அவன், நியாயமாக. சொல்லிவிட்டு, சந்தேகம் தீரட்டும் என்று ஒரு ரொட்டி ஆறும்வரை காத்திருந்து அதன் இன்னொரு ஓரத்தைக் கடித்துக் காட்டினான். அவனுக்கு முன்பல் இரண்டும் ஒன்றின்மேல் ஒன்று ஏறியிருக்கும். அவன் கடித்த இடத்தில் எப்போதும் நடுவில் ஒரு சின்ன வரப்பு நிற்கும். அடுப்பிலிருந்து வந்த கடியில் வரப்பு இல்லை. இடது மேல்பக்கம் ஒரு பல் இல்லாத இடத்தில் ரொட்டி நாக்கு மாதிரி நீட்டிக்கொண்டிருந்தது.

நாட்டில் இருந்த எல்லா அடுப்பிலும் அன்றைக்கு அப்படித்தான். மலைக்கிராமத்து அடுப்பு, சிறைச்சாலை அடுப்பு, ஐந்து நட்சத்திர விடுதியின் மின்சார அடுப்பு, எதுவும் தப்பவில்லை. படங்களில் பெரியவர் வாயைத் திறந்து சிரித்ததேயில்லை, ஏன் என்று யாருக்கும் தெரியாது. முப்பது வருஷம் மூடி வைத்த அந்த ராஜாங்க ரகசியம் அன்று காலை தேநீரோடு வீடு வீடாகப் போய்ச் சேர்ந்தது. மற்ற வீடுகளில் ஆணியில் தொங்கிய ரொட்டிகள் சும்மாதான் தொங்கின, அவற்றைக் கடித்தவர்கள் எங்கிருந்தோ போனில் பேசிக்கொண்டு இருந்தார்கள். பெரியவரைப் பற்றித்தான் ஒரு தகவலும் இல்லை, ஏரிக்கரை மாளிகையில் ஓய்வெடுக்கிறார் என்றதோடு சரி. தகவல் இல்லாமல் போனவரின் கடிதான் அடுப்புக்கு வருகிறது என்று ஜனங்கள் தாங்களாகவே ஒரு கணக்குப் போட்டு, அதோடு அந்த யோசனையை மூடி வைத்துவிட்டு, ரொட்டியைத் தின்னத் தொடங்கினார்கள்.

எதற்கும் பழகிவிடுகிற ஜனங்கள் அவர்கள். முதல் வாரம் கடிபட்ட பக்கத்தைக் கத்தியால் நறுக்கிக் குருவிக்குப் போட்டார்கள், குருவிகள் தொடவில்லை. இரண்டாவது வாரம் கடிபட்ட பக்கம் சுவரைப் பார்க்கும்படி அடுக்கினார்கள். மூன்றாவது வாரம் யாரும் பார்க்கவேயில்லை. கல்யாணத்தில் பெண்ணும் மாப்பிள்ளையும் ஒரே ரொட்டியை ஆளுக்கொரு கடி கடிக்கிற சடங்கு உண்டு, இப்போது அதில் முதல் கடி ஏற்கெனவே விழுந்திருந்தது, பெரியவரும் கல்யாணத்துக்கு வந்த மாதிரி என்று வாத்தியக்காரர்கள் சொல்லிச் சிரித்தார்கள், பெண்ணின் அப்பன்மார் சிரிக்கவில்லை. குடியிருப்புக் கமிட்டித் தலைவர் துர்சூன் அகா (அங்கே வயதில் மூத்த ஆண்களை அகா என்றும் அக்காமாரை ஓபா என்றும்தான் கூப்பிடுவார்கள்) தினமும் காலையில் தொப்பியைச் சரிசெய்துகொண்டு மக்சூதாவின் கடைக்கு வந்து, "நமக்கு முன்னாடி அவர் ருசி பாக்குறார், எவ்வளவு அக்கறை!" என்று எல்லாருக்கும் கேட்கிற மாதிரிச் சொல்லிவிட்டு வாங்கிப் போவார். அவர் கெட்ட மனிதர் இல்லை. அவருக்குப் பயம், அவ்வளவுதான்.

புதியவருக்குத்தான் அது பிடிக்கவில்லை. காலையில் தட்டில் வருகிற ரொட்டி, நீ தற்காலிகம் என்று தினமும் சொன்னால் யாருக்குத்தான் பிடிக்கும்? கடிபட்ட இடத்தை மாவு வைத்து அடைத்துச் சுட வேண்டும் என்று உத்தரவு போட்டார்; சுடுவதற்கு முன்னால் கடி இல்லையே, எதை அடைப்பது என்று ரொட்டிக்காரர்கள் விழித்தார்கள். சுட்ட பிறகு அடைத்துத் திரும்பச் சுட்டுப் பார்த்தார்கள், அடைத்த மாவு கழன்று நெருப்பில் விழுந்தது. கடைசியில், பிறை வடிவ வெட்டு என்பது தேசிய ரொட்டியின் தொன்மையான வடிவம் என்று தொலைக்காட்சியில் ஒரு பேராசிரியர் வந்து சொன்னார், அந்தப் பாவத்துக்கு அவருக்கு ஒரு வீடு கிடைத்தது.

இதெல்லாம் மக்சூதாவைப் பெரிதாகத் தொடவில்லை. கடிபட்ட ரொட்டியும் அதே விலைக்குத்தான் போனது. ஆனால் ஷெர்மத் மாவு பிசையும்போது யோசிக்கத் தொடங்கியிருந்தான். பெரியவர் கடித்த ரொட்டியை அருங்காட்சியகத்தில் கண்ணாடிப் பெட்டிக்குள் வைத்துத் துப்பாக்கிக்காரர்களைக் காவலுக்குப் போட்டிருந்தார்கள். அது இருக்கும்வரை அவர் வருவார். அதைத் தீர்த்துவிட்டால் வர முடியாது. இந்தச் சின்னக் கணக்கு அவனுக்கு மட்டும் தோன்றியதல்ல, வயசுப் பிள்ளைகள் எல்லாருக்கும் ஒரே நேரத்தில் தோன்றியது, ஆனால் அதை வார்த்தையாக்கியவன் அவன்தான். இலையுதிர் காலத்தில் அருங்காட்சியகத்தின் முன்னால் சதுக்கத்தில் பிள்ளைகள் கூடினார்கள், கையில் அட்டையும் இல்லை, கொடியும் இல்லை, ஆளுக்கொரு ரொட்டி மட்டும் இருந்தது, ஒரே குரலில் கத்தினார்கள்.

"கோழிக்குப் போடு! கோழிக்குப் போடு!"

அன்று தொலைக்காட்சியில் அதைக் காட்டவில்லை, ஆனால் காற்று குடியிருப்புப் பக்கம் அடித்தது. மக்சூதா அடுப்புக்குள் பாதி குனிந்தவள் அப்படியே நின்றாள். தன் வீட்டு அவமானத்தை, தானே கிண்டலாக மாற்றிக்கொண்ட அந்த ஒரு வார்த்தையை, ஊரே சேர்ந்து கத்துவதைக் கேட்க அவளுக்குச் சிரிப்பு வந்தது, பெருமையாகக்கூட இருந்தது, பயமாகவும் இருந்தது.

மறுநாள் சிலர் நிஜமாகவே கோழிகளைக் கொண்டுவந்தார்கள். கவசம் போட்ட காவலர்கள் சதுக்கம் முழுக்கக் கோழி துரத்தினார்கள், நாடு பல வருஷத்துக்குப் பிறகு குழாயைத் திறந்துவிடாமல் சிரித்தது. மூன்றாம் நாள் காவலர்கள் வரிசை கட்டித் தடியோடு முன்னேறியபோது, பிள்ளைகள் கையில் இருந்த ரொட்டிகளைக் கீழே, தங்களுக்கும் காவலர்களுக்கும் நடுவில், ஒரு ஓரத்திலிருந்து மறு ஓரம்வரை பரப்பி வைத்துவிட்டுப் பின்னால் போய் நின்றுகொண்டார்கள். அங்கே ரொட்டியை யாரும் மிதிக்க மாட்டார்கள். குடிகாரனும் மிதிக்க மாட்டான். கீழே கிடக்கும் ரொட்டியைக் கண்டால் எடுத்து முத்தமிட்டு, நெற்றியில் ஒற்றி, உயரமான இடத்தில் வைத்துவிட்டுத்தான் நகர வேண்டும், அது கைக்குழந்தையிலிருந்து படிகிற பழக்கம். காவலர்கள் நின்றார்கள். அதிகாரி ஒலிபெருக்கியில் கத்தினார், பிறகு அவரும் தன் காலடியைப் பார்த்துவிட்டு நிறுத்தினார். தலைக்கவசத்தைக் கழற்றிவிட்டு ஒவ்வொருவனும் குனிந்து, ரொட்டியை எடுத்து, முத்தமிட்டு, ஒற்றி, உயரமான இடம் தேடி அருங்காட்சியகச் சுவர்மேல் அடுக்கினான். அடுக்கி முடிப்பதற்குள் பொழுது சாய்ந்துவிட்டது, பிள்ளைகள் புது ரொட்டி வாங்க வீட்டுக்குப் போய்விட்டார்கள்.

அன்று சாயங்காலம் வெளியூர்ப் படை வருகிறது என்று ஊருக்குள் பேச்சு வந்தது. பக்கத்து நாட்டுப் படை, அமைதி காக்க வருகிறதாம்.

மறுநாள் காலையில் ஷெர்மத் ஒரு பை நிறைய ரொட்டி எடுத்துக்கொண்டு கிளம்பினான். மக்சூதா வாசலை மறித்து நின்று ஒரு ரொட்டியை நீட்டினாள்.

"கடிச்சிட்டுப் போ."

"ரெண்டு ஸ்டாப் தள்ளிப் போறதுக்கா? ஊரே சிரிக்கும்மா."

"சிரிக்கட்டும். கடி."

கடித்தான். வாய் நிறைய ரொட்டியோடு அவன் ஏதோ சொன்னான், அவளுக்குப் புரியவில்லை, என்னவென்று கேட்பதற்குள் பஸ் வந்துவிட்டது. அவனோடு எதிர்வீட்டு லாரிசாவின் மகள் வேராவும் ஓடி வந்து, "எனக்கும் ஓபா" என்று இன்னொரு ரொட்டியில் முயல் மாதிரிக் கொறித்துவிட்டு ஏறினாள். லாரிசா ரஷ்யக்காரி, பியானோ டீச்சராக இருந்து ஓய்வு பெற்றவள், இந்த வழக்கமெல்லாம் அவளுக்கு இல்லை. மகள் கேட்டதால் சரி என்று அந்த ரொட்டியைத் தன் வீட்டுச் சுவரில் மாட்டிவைத்தாள். கணவனின் ரொட்டி தொங்கிய ஆணி கடைச் சுவரில் காலியாகத்தான் இருந்தது. மக்சூதா ஷெர்மத்தின் ரொட்டியை அதில் மாட்டினாள்.

வெளியூர்ப் படைக்கு அந்த வழக்கம் தெரியாது. அவர்கள் ரொட்டிமேல் நடந்து வந்தார்கள்.

ராத்திரி முழுக்கத் தண்ணீர் லாரிகள் சதுக்கத்தைக் கழுவின. போன் வேலை செய்யவில்லை. மூன்று நாள் கழித்து வேலை செய்தபோது ஷெர்மத்தின் எண்ணைப் போட்டாலும் வேராவின் எண்ணைப் போட்டாலும் அப்படி ஒரு எண்ணே இல்லை என்றது. மருத்துவமனையில் இல்லை, சிறையில் இல்லை, பிணவறையில் இல்லை. எங்கே போனாலும் அன்றைக்கு அங்கே யாரும் வரவேயில்லை, சதுக்கம் காலியாகத்தான் இருந்தது என்றார்கள். மக்சூதா அழவில்லை. அழ வேண்டும் என்று தெரிந்தது, எங்கிருந்து தொடங்குவது என்று தெரியவில்லை. நான்காம் நாள் கடையைத் திறந்தாள். கைக்கு உறை போட மறந்து, வெறுங்கையை அடுப்புக்குள் விட்டு, தணல் சூட்டில் அதன் உள்சுவரிலிருந்து ரொட்டியைப் பிய்த்து எடுத்தாள். சுடவில்லை. கையைப் பார்த்தாள், சிவக்கவும் இல்லை. அப்புறம் உறையை எடுத்து ஒரு ஆணியில் மாட்டிவிட்டு வேலையைப் பார்த்தாள். அவளுக்கு உடம்பும் மனசும் அப்படி மரத்துப்போயிருந்தன, தேநீர் சூடா ஆறினதா என்றுகூடத் தெரியாமல் குடித்தாள்.

அந்த வாரமே பெரியவர் வந்துவிட்டார். நாடு தடுமாறுகிறது, என்னைக் கூப்பிடுகிறது என்றார். அருங்காட்சியகத்திலிருந்து கண்ணாடிப் பெட்டி வந்தது, பெட்டியிலிருந்து ரொட்டி வந்தது, கல்லாகக் காய்ந்திருந்த அந்த ரொட்டியைத் தேநீரில் முக்கி முக்கி, ஒரு பல் இல்லாத வாயால் பெரியவர் மென்று முடிக்கும்வரை தொலைக்காட்சி நேரலையில் காட்டியது. புதியவர் பக்கத்தில் தேநீர்க் கெண்டியோடு நின்று ஊற்றிக்கொண்டிருந்தார். வேறு எந்த நிகழ்ச்சியும் அன்று இல்லை. நாடே உட்கார்ந்து ஒரு கிழவர் மெல்லுவதைப் பார்த்தது.

இனி ரொட்டி முழுசாக வரும் என்று அறிவித்தார்கள். வரவில்லை. மறுநாள் அடுப்புகளிலிருந்து வந்த ரொட்டிகளில் பெரியவரின் கடி போயிருந்தது, அதற்குப் பதிலாக வேறு வேறு கடிகள் இருந்தன: சின்னக் கடி, அகலக் கடி, கம்பி கட்டிய பல்லின் கடி, பாதி உடைந்த பல்லின் கடி, ஒரு ரொட்டியில் ஒன்று. சதுக்கத்துக்குப் பிள்ளையை அனுப்பும்போது வாசலை மறித்துக் கடிக்கச் சொன்னவள் மக்சூதா மட்டும் இல்லை. அன்று காலை இரண்டாவது ஈட்டின் நடுவில் ஒரு ரொட்டியில், வரப்போடு, ஷெர்மத்தின் கடி இருந்தது. அவள் அதை விற்கவில்லை. தின்னவும் இல்லை. அலமாரியில் உயரமான இடத்தில் வைத்தாள்.

அதிலிருந்து நகரத்தில் ஒரு புது நடமாட்டம் தொடங்கியது. காலையில் அம்மாமார் கூடையோடு கிளம்பி ஒவ்வொரு ரொட்டிக் கடையாகப் போய், மேஜைமேல் குனிந்து, பல்வரிசை பார்த்தார்கள். ரொட்டிக்காரர்கள் ஒன்றும் கேட்காமல் ரொட்டிகளைக் கடி தெரிகிற மாதிரித் திருப்பி வைத்தார்கள். "இங்க வாங்க, உங்க பையன் மாதிரி ஒண்ணு இருக்கு" என்று ஒருத்தி இன்னொருத்தியைக் கூப்பிடுவாள். கால்வாய்க்கு அந்தப் பக்கத்துக் கடை ஒன்றில் வேராவின் முயல் கொறிப்பு கிடைத்தபோது லாரிசா, வழக்கமே தெரியாதவள், அதை முத்தமிட்டு நெற்றியில் ஒற்றிக்கொண்டாள். எலி கடித்த ரொட்டி, வாங்காதீர்கள் என்று அரசாங்கம் எச்சரித்தது. எல்லாரும் வாங்கினார்கள்.

பிறகு பெரியவரின் ஆட்களும் கணக்கைப் புரிந்துகொண்டார்கள். சுவரில் தொங்குகிற ரொட்டி இறங்கினால் அடுப்பில் கடி வருவது நின்றுவிடும். அதனால் துர்சூன் அகா போன்ற கமிட்டித் தலைவர்களை வீடு வீடாக அனுப்பினார்கள். மிரட்டவில்லை. விலை சொன்னார்கள். ரொட்டியை இறக்கி, சாட்சிக்கு நாலு பேர் பார்க்கக் கோழிக்குப் போட்டுவிட்டால், பிள்ளை கிடக்கிற இடத்தைக் காட்டுவார்கள்.

வேறு எதைக் கொடுத்தாலும் அந்தப் பெண்கள் மசிந்திருக்க மாட்டார்கள். இடம் என்றதும் ஒவ்வொருத்தியாக உடைந்தாள். ஒரு வீட்டில் ரொட்டி இறங்கியதும் அந்தக் கடி அடுப்புகளிலிருந்து மறைந்தது, மறைந்த இடத்தை மீதிக் கடிகள் பங்கு போட்டுக்கொண்டன. மக்சூதாவின் அடுப்பில் ஈட்டுக்கு ஒன்றாக இருந்த ஷெர்மத் இரண்டானான், நாலானான், மேஜையின் ஒரு பக்கமே ஆனான். அவளுக்கு அதில் சந்தோஷம் வரவில்லை. இன்னொருத்தி விட்டுக்கொடுத்த பிள்ளையின் இடத்தில்தான் தன் பிள்ளை வருகிறான் என்று அவளுக்குத் தெரியும்.

பனி பெய்யத் தொடங்கிய ஒரு நாள் லாரிசா வந்தாள். கோட்டைக் கழற்றாமல் மாவு மூட்டைமேல் உட்கார்ந்தாள்.

"போட்டுட்டேன், மக்சூதா. எங்கிட்டக் கோழி இல்ல, பக்கத்து வீட்டுல கேட்டு வாங்கிப் போட்டேன்."

"இடத்தக் காட்டினாங்களா?"

"சிமெண்ட் ஆலைக்குப் பின்னாடி. வெறும் தரை. இங்கதான்னு ஒருத்தன் காலால காட்டினான்." லாரிசா அடுப்புப் பக்கம் கையை நீட்டிக் குளிர் காய்ந்தாள். "நீயும் போட்டுடு. தெரிஞ்சிக்கிறது நல்லது. ராத்திரி தூக்கமாச்சும் வருது."

"தூக்கம் எனக்கும் வருது" என்றாள் மக்சூதா. அது உண்மைதான், அவள் கல் மாதிரித் தூங்கினாள். அவள் கொடுத்த தேநீரை லாரிசா குடித்துவிட்டுப் போனாள். மறுநாளிலிருந்து முயல் கொறிப்பு எங்கேயும் வரவில்லை.

குளிர்காலம் முடிகிற சமயத்தில் ஒரு மத்தியானம் துர்சூன் அகா வந்தார். தொப்பியைக் கழற்றிக் கையில் வைத்துக்கொண்டார். ஒரு வயசான கோழியைப் பைக்குள் போட்டுக் கொண்டுவந்திருந்தார், அதன் தலை மட்டும் வெளியே தெரிந்தது.

"ஓபா, நாடு முழுக்க நீங்க ஒருத்தர்தான் பாக்கி."

மக்சூதா மாவை உருட்டிக்கொண்டிருந்தாள்.

"இன்னிக்கு முடிச்சிடச் சொல்லி மேல இருந்து சொல்லிட்டாங்க. இல்லேன்னா கடையை மூடிடுவாங்க, என்னையும் தூக்கிடுவாங்க. இடத்த நானே வந்து காட்டுறேன். பையன் கிடக்கிற மண்ணத் தொட்டுக் கும்பிட்டுட்டு வந்துடலாம். எத்தன நாளைக்கு இந்தக் காஞ்ச ரொட்டியப் பாத்துக்கிட்டு இருப்பீங்க?"

அவள் கையைத் துடைத்துக்கொண்டு சுவருக்குப் போனாள். ஆணியிலிருந்து ரொட்டியை எடுத்தாள். துர்சூன் அகா மூச்சை விட்டார், பையைத் திறந்தார். மக்சூதாவுக்கு இடம் வேண்டும் என்றுதான் இருந்தது. வெறும் தரையாக இருந்தாலும் போய் உட்கார ஒரு இடம், பனியில் ஒரு பக்கம் குனிந்து கைவைக்க ஒரு இடம். ரொட்டியைத் திருப்பிப் பார்த்தாள். வரப்பு அப்படியே இருந்தது.

"அகா, பெரியவர் கடிச்சிட்டுப் போனார்ல?"

"போனார்."

"வந்தார்ல?"

துர்சூன் அகா கோழியின் தலையைப் பைக்குள் அமுக்கினார்.

"அவரே வந்தார்னா, எம்புள்ள வர மாட்டானா?"

அவள் வாதாடவில்லை, தெரிந்துகொள்ளத்தான் கேட்டாள். துர்சூன் அகா தொப்பியைப் பார்த்தார், கோழியைப் பார்த்தார். மக்சூதா ரொட்டியை மறுபடி ஆணியில் மாட்டிவிட்டு வந்து மாவை உருட்டத் தொடங்கினாள். அவர் கோழியைத் தூக்கிக்கொண்டு போனார்.

மறுநாள் காலையில் நாட்டில் இருந்த எல்லா அடுப்பிலும், மலையிலும் சிறையிலும் விடுதியிலும், எல்லா ரொட்டியிலும் ஷெர்மத்தின் கடி இருந்தது.

யாரும் ஆச்சரியப்படவில்லை. மக்சூதாவின் கடைமுன் வரிசை வழக்கம்போல நின்றது, வழக்கத்தைவிட நீளமாக நின்றது. லாரிசா நின்றாள். கூடையோடு அலைந்த அம்மாமார் எல்லாரும், ரொட்டியை இறக்கிவிட்டவர்கள், நகரத்தின் மறுகோடியிலிருந்து பஸ் ஏறி வந்து நின்றார்கள். ரொட்டி வாங்கியவர்கள் கடிபட்ட இடத்தை முத்தமிட்டு, நெற்றியில் ஒற்றி, பைக்குள் வைத்துக்கொண்டார்கள். கடையை மூட வந்த இரண்டு காவலர்களும் வரிசை முடியட்டும் என்று பின்னால் போய் நின்றார்கள். துர்சூன் அகா நின்றார். அவர் முறை வந்தபோது ருசி பற்றியோ அக்கறை பற்றியோ ஒன்றும் சொல்லவில்லை, வாங்கிக்கொண்டு போய் மறுபடி வரிசையின் கடைசியில் நின்றார்.

மாவு மூட்டைகளுக்கு மேலே தொலைக்காட்சி ஓடியது. வசந்த விழா, பெரியவர் விவசாயிகளோடு காலை உணவு, நேரலை. நீள மேஜை, இரண்டு பக்கமும் ஆட்கள், நடுவில் ரொட்டிகள். கடிபட்ட பக்கம் தெரியாமல் திருப்பி வைத்திருந்தார்கள், ஆனால் மேஜைக்கு இரண்டு பக்கமும் ஆள் இருந்தால் எந்தப் பக்கம் திருப்புவது? அங்கே சாப்பாட்டில் வயசில் மூத்தவர்தான் முதல் ரொட்டியைப் பிய்க்க வேண்டும், அதுவரை யாரும் கைவைக்க மாட்டார்கள். பெரியவர் ஒரு ரொட்டியை எடுத்தார். திருப்பினார். வைத்தார். இன்னொன்றை எடுத்துத் திருப்பினார், வைத்தார். பிறகு கைகளை மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்தார். விவசாயிகளும் உட்கார்ந்திருந்தார்கள். தேநீர் ஆறியது. புதியவர் கெண்டியைப் பிடித்துக்கொண்டு நின்றார். திடீரென்று தொலைக்காட்சியில் பூக்களின் படமும் இசையும் வந்தன.

மக்சூதா அதைப் பார்த்துவிட்டு அடுத்த ஈட்டுக்குக் குனிந்தாள். வெறுங்கையை உள்ளே விட்டு ஒரு ரொட்டியைப் பிடித்தாள்.

சுட்டது.

அலறிக்கொண்டு கையை இழுத்தாள். அத்தனை மாதமும் சுடாமல் சேர்த்து வைத்திருந்த சூடெல்லாம் ஒரே நேரத்தில் வந்த மாதிரி விரலிலிருந்து முழங்கைவரை கொப்பளித்துச் சிவந்தது. ரொட்டி தரையில் விழுந்தது. குனிந்து இடதுகையால் எடுத்தாள், முத்தமிட்டாள், உதடும் சுட்டது. கடிபட்ட இடத்திலிருந்து ஆவி வந்துகொண்டிருந்தது.

"சுடச்சுட எவன்டா கடிப்பான்?" என்று அந்த ரொட்டியிடம் கேட்டாள். கேட்டுவிட்டு, மாவு மூட்டையில் சாய்ந்து உட்கார்ந்து, வாய்விட்டு, ஊரே கேட்கிற மாதிரி அழுதாள்.

வரிசை அசையவில்லை. லாரிசா உள்ளே வந்து அவள் கையை வாளித் தண்ணீரில் வைத்தாள். வெளியிலிருந்து துர்சூன் அகாவின் குரல் கேட்டது.

"அவசரமில்ல ஓபா. நாங்க நிக்கிறோம்."